இரண்டு கடலுக்கும் ஒரு மடை

எல் மாக்கி,
5 நவம்பர் 1978

அன்புத் தங்கை சுனில்டாவுக்கு,

அண்ணன் ரொசமேல் சொல்லச் சொல்ல, மிரேயா டீச்சர் எழுதுவது. இங்கே நானும் என் முழங்காலும் ஆடுகளும் ஒருவாறு நலம். நீயும், மகன் தியோலிந்தோவும், வயிற்றுப்பிள்ளைக்காரி எர்சிலியாவும் நலமாக இருக்க மாதாவை வேண்டுகிறேன்.

மேலே டீச்சர் தேதி போட்டிருக்கிறார். எழுத்தறியாத எனக்கு அது நாலைந்து எறும்பு. அதனால் என் தேதியையும் போடச் சொன்னேன். உங்கள் நாட்டுக்காரர்கள் பந்தாட்டக் கோப்பையை வென்று எங்கள் வானொலியையும் அலறவிட்ட வருஷம்; ரோமாபுரியில் அடுத்தடுத்து இரண்டு பாப்பரசர்களை அடக்கம் பண்ணிவிட்டு மூன்றாமவரை நாற்காலியில் உட்காரவைத்த வருஷம்; என் மொட்டைக்கொம்பு ஆடு மூன்று குட்டி போட்டு மூன்றும் பிழைத்த வருஷம். இனி யார் எப்போது கேட்டாலும் எனக்குத் தப்பாது.

தெற்கே கடைக்கோடியில் ஏதோ மூன்று தீவுக்காக நம் இரண்டு அரசாங்கமும் முறைத்துக்கொண்டு நிற்கிறதாம். வண்டிப்பாதையை மூடிவிட்டார்கள். இந்தக் கடிதம் தலைநகரைச் சுற்றிக்கொண்டுதான் உன்னிடம் வரும். ஒரு பகல் மலையேறினால் எட்டுகிற வீட்டுக்கு இரண்டு வாரம்!

பிப்ரவரி நடுக்கோடையில் வருகிற மெழுகுதிரி மாதா திருநாளுக்கு தியோலிந்தோ மடை மாற்ற மேலே வருவான் அல்லவா, அப்போது பாலாடைக்கட்டி கொடுத்து அனுப்புகிறேன் என்றேன். டீச்சர் பேனாவை நிறுத்திவிட்டார். நகரத்துப் பெண்.

"மடையா? அந்த உச்சியிலயா? யாருக்குத் தாத்தா மடை?"

"கடலுக்கும்மா," என்றேன். "கணவாய் மேல ஒரு புல்வெளி. அதுல ஒரு ஊற்று. முகட்டோட காலடியில கண் தொறந்து நிக்கும். எந்தப் பக்கம் போறதுன்னு அதுக்கே தெரியாது. ஒரு புல்கட்டிய வெட்டி இந்தப் பக்கம் வச்சா எங்க மேய்ச்சலுக்கு வந்து மேற்குக் கடலுக்குப் போவும். அந்தப் பக்கம் வச்சா புல்வெளியக் கடந்து என் தங்கச்சி மேய்ச்சலுக்கு எறங்கி, கிழக்குக் கடலுக்குப் போவும். பாதிக் கோடை எங்களுக்கு, மீதி அவங்களுக்கு. எங்க அப்பா வச்ச முறை."

டீச்சர் மேசைமேல் விரலால் ஒரு கோடு இழுத்தார். பிறகு, "கண்டத்தையே ரெண்டாப் பிரிக்கிற கோடு அது தாத்தா. அதுதான் எல்லைன்னு படத்துல போட்டிருக்கு. அத நீங்க மண்வெட்டியால நகத்துறீங்களா?" என்றார்.

"வருஷா வருஷம்," என்றேன். சிரித்தார். சிரிப்பு முழுசாக வரவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள். மருமகள் பாரம் தூக்க வேண்டாம்.

உன் அண்ணன்,
ரொசமேல்


லாஸ் ஓவேராஸ்,
24 நவம்பர் 1978

அண்ணனுக்கு,

சுனில்டா வணக்கம் சொல்கிறேன். நாங்கள் எல்லாரும் சுகம். உன் முழங்காலுக்கு நரிக்கொழுப்பைத் தேய், சாராயத்தைக் குடிக்காதே. நீ மாற்றிச் செய்வாய் என்று எனக்குத் தெரியும்.

தீவாம், சண்டையாம். கடலையே பார்க்காத நமக்கு அதில் என்ன? பெரிய நாய்கள் குரைத்தால் ஆடு மேய்ச்சலை நிறுத்துமா? நாங்கள் மந்தையை ஏற்றிக்கொண்டு மேல்குடிசைக்கு வந்துவிட்டோம். இங்கே புல் இப்போதே வெளிறுகிறது. மாதா திருநாளன்று தண்ணீர் வந்தால்தான் குட்டிகள் பிழைக்கும். தியோலிந்தோ மண்வெட்டிக்கு இப்போதே சாணை பிடிக்கிறான். துர்க்கோ என்று ஒரு நாய்க்குட்டி வளர்க்கிறான். அவனுக்கு முன்னால் அதுதான் எல்லா இடத்துக்கும் போகிறது.

பாலாடைக்கட்டி பெரியதாகக் கொடு. போன வருஷம் கொடுத்ததை எலி தின்றது என்று நினைத்தேன். பார்த்தால் நீ கொடுத்ததே அவ்வளவுதான்.

எர்சிலியாவுக்கு மார்ச்சில் நாள். நமக்கு இருக்கிற ஒரே பிள்ளைக்குப் பிள்ளை. உனக்கும் அவன்தான் பிள்ளை என்பதை மறக்காதே.

தங்கை,
சுனில்டா

(மாமா, அத்தை உங்களைச் சொன்ன இன்னொரு வார்த்தையை நான் எழுதவில்லை. எர்சிலியா.)


எல் மாக்கி,
12 டிசம்பர் 1978

அன்புத் தங்கைக்கு,

உன் கடிதம் வந்தது. எல்லாரும் சுகம் என்று கேட்டு மகிழ்ச்சி. எனக்கும் உடம்புக்கு ஒன்றும் இல்லை.

வீட்டில் பட்டாளத்துக்காரர்கள் மூன்று பேர் தங்கியிருக்கிறார்கள். நான் கூப்பிடவில்லை, அவர்களும் கேட்கவில்லை. சார்ஜென்ட் ஒயார்செ, கார்ப்பரல் இபாகாச்சே, வெனான்சியோ என்று மீசை இன்னும் சரியாக முளைக்காத ஒரு சிப்பாய். சார்ஜென்டுக்கு என் கட்டில். எனக்கு ஆட்டுக்கொட்டகை. ஆடுகள் குறட்டை விடுவதில்லை, அதுவரை லாபம்.

இந்தக் கோடையில் யாரும் மேய்ச்சலுக்கு மேலே ஏறக்கூடாது என்று உத்தரவு. ஆடுகளை ஊரோரத்திலேயே மேய்க்கிறேன். பாதையில் கயிறு கட்டியிருக்கிறார்கள். என் கோவேறு கழுதைகளை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். அவை பெட்டிகளோடு மேலே போயின. காலியாகத் திரும்பி வந்தன. மறுபடி போயின, மறுபடி காலியாக வந்தன. பெட்டிக்குள் என்ன என்றால்

(இங்கே டீச்சர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அதனால் அந்தப் பேச்சை விடுகிறேன்.)

சார்ஜென்ட் கெட்டவர் இல்லை. மகள் படத்தைச் சட்டைப்பையில் வைத்திருக்கிறார். நேற்று சூப் குடிக்கும்போது கார்ப்பரல் கேட்டார், "அடையாளத்துக்குக் குச்சி நட்டு வைக்கலாமா சார்?"

"குச்சியப் பனி புடுங்கிட்டுப் போயிரும்டா," என்றார் சார்ஜென்ட். "ஓடைதான் அடையாளம். ஓடைக்கு இந்தப் பக்கம் நாம நடக்கலாம், தாண்டினா கூடாது. படத்துலயும் அப்படித்தான் போட்டிருக்கேன். தண்ணி பொய் சொல்லாது."

நான் சூப்பைக் கீழே வைத்துவிட்டேன். ஆறிவிட்டது என்று சொன்னேன்.

டீச்சர் விடுமுறைக்குப் போகிறார். இனி யார் எழுதுவார்களோ தெரியவில்லை. மருமகளிடம் கவலைப்படும்படி ஒன்றும் இல்லை என்று சொல். அவள்தான் இதை உனக்குப் படிக்கிறாள் என்பதும் எனக்குத் தெரியும்.

அண்ணன்,
ரொசமேல்


எல் மாக்கி,
20 டிசம்பர் 1978

அன்புத் தங்கை சுனில்டாவுக்கு,

அண்ணன் நலம். உங்கள் நலம் அறிய ஆவல். இதை எழுதுவது சிப்பாய் வெனான்சியோ. மேற்குக் கடற்கரையில் வலை பின்னுகிற வீட்டுப் பிள்ளை. கடையில்தான் இன்னொருவனுக்கு எழுத்துத் தெரியும். ஆனால் கடைக்காரனிடம் கடிதம் எழுதக் கொடுப்பதும் கோயில் மணியில் கட்டித் தொங்கவிடுவதும் ஒன்று. இந்தப் பிள்ளைக்குக் கையெழுத்து அழகாம். பார்த்தால் எனக்கும் அப்படித்தான் தெரிகிறது.

ஒரு சேதி. இந்த வருஷம் ஊற்று மெலிந்துவிட்டது. மடை மாற்றினாலும் உன் பக்கம் வந்து சேராது. அதனால் தியோலிந்தோ வர வேண்டாம். வீண் நடை. மருமகள் பக்கத்தில் இருக்கட்டும்.

அதை விடு. நம் கபித்தான் நாய் நினைவிருக்கிறதா? நேற்று முழுக்க அதன் நினைப்பாகவே இருந்தது. பண்ணைக்காரன் ஆடு தூக்குகிற பூமாப் புலியைக் கொல்ல இறைச்சியில் நஞ்சு தடவிப் புல்வெளி முழுக்கப் போட்டானே, அந்த வருஷம். பார்த்தால் புல் புல்லாகத்தான் இருந்தது. கபித்தான்தான் முன்னால் ஓடியது. நீ அழுதாய். அந்தக் கோடை முடியும்வரை அப்பா நம்மைப் புல்வெளியில் கால் வைக்க விடவில்லை. அப்பா நல்ல மனிதர். அப்பா சொன்னது எல்லாம் சரி.

வெனான்சியோ கேட்கிறான், "நாய்க் கதையையும் எழுதணுமா தாத்தா?" "அதத்தான் முக்கியமா எழுதணும்," என்றேன். என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு எழுதுகிறான். மெதுவாக எழுதுகிறான்.

கிறிஸ்து பிறப்பு வாழ்த்துகள். குளிர்ந்த தண்ணீரில் கைவைக்காதே.

அண்ணன்,
ரொசமேல்


லாஸ் ஓவேராஸ்,
6 ஜனவரி 1979

அண்ணனுக்கு,

நாங்கள் சுகம். நீயும் சுகமாகத்தான் இருப்பாய். உடம்பு சரியில்லாதவனுக்கு இவ்வளவு கணக்கு ஓடாது.

ஊற்று மெலிந்துவிட்டதா? போன வாரம்தான் தியோலிந்தோ எங்கள் பக்கத்து மேட்டிலிருந்து பார்த்தான். உன் பக்கம் கரை தளும்ப ஓடுகிறதாம். அப்பா செத்த வருஷமும் இதையேதான் சொன்னாய், "இந்தத் தடவை தண்ணி கம்மி" என்று. அப்போது உனக்குக் கல்யாணம், நான் சும்மா இருந்தேன். இப்போது யார் இருக்கிறார்கள் உனக்கு? உன் மந்தைக்கு முழுத் தண்ணீரும் வேண்டும் என்றால் நேராகக் கேள். பட்டாளத்துக்காரன் கையால் எழுதவைத்துப் பயமுறுத்தாதே.

நாய்க் கதை எதற்கு? அதைச் சொன்னால் நான் அழுதுகொண்டே சரி என்பேன் என்றா?

தண்ணீர் முறை அப்பா வைத்தது. மாதா திருநாளன்று தியோலிந்தோ வருவான், மடை மாற்றுவான். உன்னைப் பார்க்காமலே திரும்பி வருவான்.

இவ்வளவுதான்.

சுனில்டா

(மாமா, அத்தை கோபத்தில் சொன்னதை அப்படியே எழுதச் சொன்னார். நீங்கள் அப்படிப்பட்டவர் இல்லை என்று எனக்குத் தெரியும். எனக்கு ஏனோ பயமாக இருக்கிறது. எர்சிலியா.)


எல் மாக்கி,
20 ஜனவரி 1979

அன்புத் தங்கைக்கு,

உன் கோபமும் சுகமாக இருக்கட்டும், அதோடு நீயும்.

கடிதம் இன்றுதான் வந்தது. வெனான்சியோ படித்தான். படித்து முடித்ததும் நான் அவன் முகத்தைப் பார்க்கவில்லை, அவனும் என் முகத்தைப் பார்க்கவில்லை. சார்ஜென்ட் வாசலில் சீட்டாடிக்கொண்டிருந்தார். பாப்பரசரின் தூதர் வந்து இரண்டு அரசாங்கத்தையும் கையெழுத்துப் போட வைத்த பிறகு இவர்கள் மேலே போவதில்லை. சீட்டும் தூக்கமும்தான்.

சுனில்டா, தண்ணீர் முழுக்க உனக்கே. இந்த வருஷம், அடுத்த வருஷம், நான் செத்த பிறகும். அம்மாவின் கல்லறைமேல் ஆணை. ஆனால் இப்போது வேண்டாம். குளிர்காலம் வந்து போகட்டும். மடையில் யாரும் கைவைக்க வேண்டாம். நான் உன்னிடம் ஒரே ஒரு தடவை பொய் சொன்னேன், அதை நீ கண்டுபிடித்துவிட்டாய். இது பொய் இல்லை.

அவனை விடாதே. மண்வெட்டியை ஒளித்து வை. காலை ஒடித்தாவது வீட்டில் வை.

இந்தக் கடிதம் திருநாளுக்குள் வந்துவிட வேண்டும் என்று தபால்காரனுக்கு ஒரு குட்டி கொடுத்தேன். வெள்ளைக்குட்டி. தலைநகரில் இருக்கிறவனுக்கு யார் குட்டி கொடுப்பார்கள்?

அண்ணன்,
ரொசமேல்

அம்மா, இதை எழுதும் கை என்னுடையது. தாத்தாவுக்குத் தெரியாமல் சேர்க்கிறேன். அவர் சொல்வதைக் கேளுங்கள். உங்கள் கடிதத்தில் படித்ததை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் உங்கள் மகனுக்காக மேலே துப்பாக்கியோடு காத்திருப்பார்கள். அவரை வரவேண்டாம் என்று சொல்லுங்கள். வெ.


லாஸ் ஓவேராஸ்,
6 பிப்ரவரி 1979

அண்ணா,

இங்கே எல்லாரும் சுகம் என்று எழுத எர்சிலியா கேட்கிறாள். எழுது என்றேன்.

அந்தக் கோபக் கடிதத்தை அனுப்பிவிட்டு, ஒரு நாள் பால் கறந்துகொண்டிருக்கும்போது கை நின்றுவிட்டது. என் அண்ணன் காரணமில்லாமல் நாய்க் கதை சொல்கிறவன் இல்லையே என்று தோன்றியது. அப்பா புல்வெளியில் கால் வைக்க விடவில்லை, சரி. ஆனால் மேலே போவதை நிறுத்தவும் இல்லையே, முகட்டு வழியாகக் கூட்டிப்போனாரே என்று நினைவு வந்தது. தியோலிந்தோவிடம் சொன்னேன். "பாதையில எதையோ வச்சிருக்காங்கடா. புல்வெளி வழியாப் போகாத. முகட்டு வழியாப் போயி, மேலருந்து ஊற்றுக்கு எறங்கு."

"இந்த மாமாவும் நீங்களும் தந்தி ஆபீஸ் வச்சு நடத்தலாம்மா," என்று சிரித்தான். ஆனால் அப்படித்தான் போனான். எங்கள் வாய்க்கால் திருநாளன்று சாயங்காலமே நிரம்பிவிட்டது. மடையை மாற்றிவிட்டான் அண்ணா. தண்ணீர் வந்துவிட்டது.

தண்ணீர் வந்தது, அவன் வரவில்லை. நான்கு நாளாகிறது. நாயும் வரவில்லை. காவல் சாவடியில் கேட்டேன், தெரியாது என்கிறார்கள். உன் ஜனவரிக் கடிதம் இன்று காலைதான் கைக்கு வந்தது. அதன் அடியில் இருந்ததையும் எர்சிலியா படித்தாள். அவள் எழுதிக்கொண்டே இருக்கிறாள், நிறுத்தச் சொன்னால் நிறுத்தமாட்டேன் என்கிறாள்.

உன் பக்கம் ஏதாவது தெரிந்தால் சொல். எதுவாக இருந்தாலும் சொல்.

சுனில்டா


எல் மாக்கி,
8 மார்ச் 1979

அன்புத் தங்கைக்கு,

நான் உயிரோடு இருக்கிறேன். இந்தக் கடிதம் தபாலில் வரவில்லை. பெருவழியாக உங்கள் பக்கம் வருகிற பாதிரியாரின் அங்கிக்குள் வருகிறது. அதனால் டீச்சர் இந்தத் தடவை பேனாவைக் கீழே வைக்கவில்லை.

உன் கடிதம் இரண்டு வாரத்துக்கு முன்பே வந்தது. வந்த அன்று விடியற்காலையில்தான் சார்ஜென்டும் கார்ப்பரலும் மேலே போனார்கள். எல்லாம் அப்படியே இருக்கிறதா என்று பார்த்து வரச்சொல்லி உத்தரவு வந்திருந்தது. வெனான்சியோவுக்குக் காய்ச்சல், விட்டுவிட்டுப் போனார்கள். அடுப்புப் பக்கத்தில் உட்கார்ந்து படித்தான். உன் பால் கறக்கும் கதையைப் படித்தபோது சிரித்தான். "மடையை மாற்றிவிட்டான், தண்ணீர் வந்துவிட்டது" என்று படித்தான். அதோடு வாய் நின்றுவிட்டது.

"தாத்தா, தண்ணி எந்தப் பக்கமாப் போகும்?"

"புல்வெளியக் கடந்து. கிழக்கால."

"அப்போ பழைய ஓடை?"

"இந்தக் கோடைக்கு அது ரெண்டு வாரத்துல புல் மூடிப் போயிருக்கும்."

கடிதத்தை என் கையில் திணித்தான். சேணம்கூடப் போடாமல் கழுதைமேல் ஏறினான். "பழைய ஓடைக்கும் புது ஓடைக்கும் நடுவுலதான் தாத்தா வெதச்சிருக்கோம்!" என்று கத்திக்கொண்டே போனான். கண்ணிவெடி சுனில்டா. அந்தப் பெட்டிகளில் இருந்தது அதுதான்.

வானம் வெளுப்பாக இருந்தது, காற்றில்லை. மத்தியானத்துக்குப் பிறகு ஒரு சத்தம் கேட்டது. ரொம்பப் பொறுத்து இன்னொன்று. இடி என்று சொல்லிக்கொள்ளலாமா என்று பார்த்தேன். வானத்தில் மேகமே இல்லை.

சாயங்காலம் கார்ப்பரல் வந்தார். கழுதைமேல் வெனான்சியோவைக் குப்புறப் போட்டிருந்தார். நடந்ததைக் கார்ப்பரல்தான் சொன்னார். பிள்ளை பாறைமேல் நின்று "நில்லுங்க சார், தண்ணி மாறிருச்சு!" என்று கத்தினானாம். சார்ஜென்ட், "காய்ச்சல்ல உளறுறான்டா," என்று சிரித்தாராம். புது ஓடையைக் கையால் காட்டி, "தண்ணி அங்கதானடா ஓடுது, நாம இந்தப் பக்கந்தான நிக்கிறோம்," என்று சொல்லி, அவனைப் பார்க்கத் திரும்பினாராம். திரும்பியதுதான். வெடிகளுக்கு நடுவில் மாட்டி அசையாமல் நின்ற கார்ப்பரலை வெளியே கொண்டுவர வெனான்சியோ உள்ளே போனான். தன் கையால் புதைத்த இடமெல்லாம் நினைவு வைத்து, தன் காலடியில் அவரைக் காலடி வைக்கச் சொல்லிக் கூட்டி வந்தான். கரைக்கு வருகிற இடத்தில் ஒன்றை மட்டும் அவன் புதைக்கவில்லை, சார்ஜென்ட் புதைத்தது. பிள்ளைக்கு இடது பாதம் போய்விட்டது.

மறுநாள் லாரி வந்து எல்லாரையும் ஏற்றிக்கொண்டு போனது. தண்ணீர் மாறிய கதையைக் கார்ப்பரல் மேலிடத்தில் சொல்லவில்லை. சொன்னால் மாற்றியது யார் என்று கேட்பார்கள். வெனான்சியோவும் சொல்லவில்லை. போகும்போது என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டான். "மிச்சக் கடுதாசியில என்ன இருக்கு தாத்தா? உங்க மருமகன் வீடு சேந்தாரா?"

எனக்குத் தெரியாதே. மீதிக் கடிதம் என் கையில் இருந்தது. பிரித்து வைத்துக்கொண்டு பார்ப்பேன். அவன் நிறுத்திய இடத்தில் கட்டைவிரல் பதிந்திருந்தது. அதற்குக் கீழே இருந்த எறும்பெல்லாம் எனக்கு எறும்புதான். கடைக்காரனிடம் காட்ட முடியுமா? சட்டைக்குள்ளேயே வைத்திருந்தேன். டீச்சர் நேற்று ஊர் திரும்பினார். பெட்டியைக்கூட இறக்கவிடவில்லை. படித்தார்.

அதற்குப் பிறகு உன்னிடமிருந்து கடிதம் எதுவும் வந்து சேரவில்லை. தியோலிந்தோ எங்கே சுனில்டா?

அவன் கிடைத்துவிட்டான் என்றால் இந்தச் சார்ஜென்ட் கதையை அவனிடம் சொல்லாதே. எர்சிலியா, நீதான் படிக்கிறாய். நீயும் சொல்லாதே. ஒரு புல்கட்டியை எடுத்து வைத்த கை அது, வேறொன்றும் செய்யவில்லை.

அண்ணன்,
ரொசமேல்


லாஸ் ஓவேராஸ்,
2 மார்ச் 1979

அண்ணா,

வந்துவிட்டான்! முதலில் அதைப் போடு என்றேன் எர்சிலியாவிடம், நலம் விசாரிப்பெல்லாம் பிறகு.

மடையை மாற்றிவிட்டு, இறங்கும்போது சோம்பல்பட்டுப் புல்வெளியில் குறுக்கே வரப் பார்த்தானாம். துர்க்கோ முன்னால் ஓடியது. அவ்வளவுதான். நின்ற இடத்திலேயே நின்று, வந்த காலடியிலேயே பின்னால் போய், முகட்டில் ஏறிவிட்டான். பயத்தில் பாதை தப்பி, வடக்கே எந்தப் பள்ளத்தாக்கிலோ இறங்கியிருக்கிறான். எல்லையிலிருந்து அடையாளத் தாளில்லாமல் வந்தவன் என்று நம் ஆட்களே பிடித்து அடைத்துவிட்டார்கள். வேவுகாரனாம்! ஆட்டு நாற்றம்கூடவா அவர்களுக்குத் தெரியவில்லை? நேற்றுதான் விட்டார்கள். மெலிந்து கிடக்கிறான், தின்றுகொண்டே இருக்கிறான்.

மறுபடியும் ஒரு நாய் அண்ணா. அன்று கபித்தான், இன்று துர்க்கோ. உன்னைப் பேசிய பேச்சுக்கு என் நாக்கில் சூடு போடு.

உன் பக்கம் எல்லாரும் சுகம்தானே? அந்தப் பையன், வெ. என்று போட்டவன், அவனுக்கு எங்கள் ஆசீர்வாதம். அவன் அம்மாவுக்கு ஒரு பாலாடைக்கட்டி அனுப்ப வேண்டும். ஊர்ப் பெயரைக் கேட்டு எழுது.

தங்கை,
சுனில்டா


லாஸ் ஓவேராஸ்,
10 ஏப்ரல் 1979

அண்ணாவுக்கு,

எல்லாரும் நலம். பிள்ளை பிறந்துவிட்டது, ஆண். செபாஸ்தியான் என்று பெயர் வைத்தோம். பால் நன்றாகக் குடிக்கிறது.

பாதிரியார் உன் கடிதத்தைக் கொடுத்தார். எர்சிலியா ஒரு தடவை படித்தாள். இன்னொரு தடவை படி என்று நான் கேட்கவில்லை.

தியோலிந்தோவிடம் சொல்லவில்லை. அவன் வாய்க்காலைப் பார்த்து, இந்த வருஷம் தண்ணீர் நன்றாக வருகிறது என்று சந்தோஷப்படுகிறான். ஆடுகள் குடிக்கின்றன. நான் வீட்டுக்குத் தண்ணீர் தூரத்து ஓடையிலிருந்து எடுத்து வருகிறேன். ஏன் அங்கே போகிறீர்கள் என்று கேட்கிறான். அது ருசி என்றேன்.

அந்தச் சார்ஜென்டின் மகள் எவ்வளவு பெரியவள் என்று எழுதவே இல்லையே நீ.

சுனில்டா


லாஸ் ஓவேராஸ்,
3 நவம்பர் 1996

அன்புள்ள மாமாவுக்கு,

எர்சிலியா வணக்கம். அத்தை போன பிறகு நான் உங்களுக்கு எழுதுவதே குறைந்துவிட்டது, மன்னியுங்கள். நாங்கள் நலம். உங்கள் கண் எப்படி இருக்கிறது?

ஒரு சேதி. போன வாரம் உங்கள் ஊர்க் கம்பளி வியாபாரி வந்தான். மேல்மேய்ச்சல் காய்ந்து, நீங்கள் மந்தையையே விற்று வருஷக்கணக்காகிறது என்று சொன்னான். இவருக்கு முகம் சுருங்கிவிட்டது. "பதினேழு வருஷமா முழுத் தண்ணியும் நாமளே குடிச்சிருக்கோம். மாமா ஒரு வார்த்தை கேக்கல. என்ன மனுஷங்க நாம?" என்கிறார். இந்த மாதா திருநாளுக்கு செபாஸ்தியானை மேலே அனுப்பி, மடையை உங்கள் பக்கம் திருப்பப்போகிறாராம். பையனும் குதிக்கிறான். இரண்டு நண்பர்கள், குதிரைகள். புல்வெளி வழியாகவே போகலாமாம். பட்டாளத்துக்காரர்கள் படத்தைப் பார்த்து ஓடையோரமாக முள்கம்பி கட்டிவிட்டார்கள், அதற்கு வெளியே பயமில்லை என்கிறார்.

வேண்டாம் என்று சொன்னேன். ஏன் என்று கேட்டார். காரணத்தை எப்படிச் சொல்வேன் மாமா? நீங்களும் அத்தையும் என் வாயைக் கட்டினீர்கள். நீங்களே சொல்லுங்கள்.

எர்சிலியா


எல் மாக்கி,
19 நவம்பர் 1996

அன்பு மருமகள் எர்சிலியாவுக்கு,

ரொசமேல் சொல்லி, சுகாதார நிலையத்து நர்ஸ் எழுதுவது. கண் மங்கல், காது கொஞ்சம், மற்றபடி நலம். உங்கள் எல்லாருக்கும் ஆசீர்வாதம்; இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், கடைசியில் சொல்ல இடம் வைக்கப்போவதில்லை.

எனக்குத் தண்ணீர் வேண்டாம். எண்பத்துநாலு வயதில் நான் என்ன ஆடா, புல் தின்ன?

இந்தக் கடிதத்தைத் தியோலிந்தோவையும் பையனையும் எதிரில் உட்காரவைத்து, சத்தமாகப் படி. பாதியில் நிறுத்தாதே. பாதியில் நின்ற கடிதம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும்.

தியோலிந்தோ, முள்கம்பி பொய் சொல்கிறது. படம் வரைந்த அன்று ஓடை எங்கள் பக்கம் ஓடியது. நீ மடையை மாற்றினாய். கம்பி கட்ட வந்தவர்கள் படத்தில் ஓடை என்று இருந்ததைப் பார்த்து, உன் புது ஓடைக்குக் கிழக்கே கட்டிவிட்டார்கள். கம்பிக்குள் இருப்பது வெறும் புல். வெளியே இருப்பதுதான் விதைத்த நிலம். அந்தத் தண்ணீரை நம்பி நடந்து ஒரு மனிதர் செத்தார், ஒருவன் காலை இழந்தான். உனக்குத் தெரியாது. உன் அம்மா சாகும்வரை உன் வாய்க்காலில் ஒரு குடம் மொள்ளவில்லை, அது உனக்கு ஞாபகம் இருக்கும். ருசிக்காக இல்லை. உன்மேல் பழி இல்லை என்று நாங்கள் மூன்று பேரும் அப்போதே முடிவு செய்துவிட்டோம். இப்போது நீ அழு. பிறகு மண்வெட்டியைப் பையன் கையிலிருந்து வாங்கி வை.

நான் எல்லைச் சாவடிக்கும் போய்ச் சொன்னேன். பொத்தான் மின்னுகிற ஒரு பையன், "படத்துல அப்படி இல்லையே பெரியவரே," என்றான். படத்துக்கு என் சொல் போதாது. புதைத்தவன் சொல் வேண்டும்.

புதைத்தது மூன்று பேர். சார்ஜென்ட் ஒயார்செ அந்தப் புல்வெளியிலேயே போனார். கார்ப்பரல் இபாகாச்சே வருஷந்தோறும் புத்தாண்டுக்கு ஒரு அட்டை போடுவார். இந்த வருஷம் அவர் மனைவி போட்டாள், கறுப்புக் கரை வைத்து. இனி அந்த நிலத்தைக் காலால் அறிந்தவன் ஒருவன்தான். மேற்குக் கடற்கரையில், வலை உலர்த்துகிற மேட்டுக்குப் பின்னால், ஒற்றைக்காலோடு உட்கார்ந்து வலை பின்னுகிறான். அவனை முன்னால் நிறுத்தாமல் யாரும் அங்கே கால் வைக்கக்கூடாது. போய்க் கேளுங்கள். நீ வீடு சேர்ந்தாயா என்று அவனுக்கு நான் பதில் அனுப்பியபோது அழுதானாம். இன்னும் உயிரோடு இருக்கிறான். பெயர் வெனான்சியோ.